குப்புற விழாத டைரனோசாரஸ்: காகிதக் கூழில் செய்முறை

மகளுக்காகக் கோத்தகிரி வீட்டில் மூன்று முறை செய்து பார்த்தேன். மூன்றாவதுதான் நின்றது.

கட்டுக்கம்பி, குறடு, பழைய செய்தித்தாள், பெவிகால் போதும். மைதாப் பசை வேண்டாம். ஐப்பசி மூட்டத்தில் காய்வதற்குள் பூஞ்சை பிடித்துவிடும்.

முப்பதில் ஒரு பங்கு அளவு வைத்துக்கொள்ளுங்கள். நிஜத்தில் சுமார் 12 மீட்டர் நீளம், நமக்கு 40 செ.மீ. தலை 5 செ.மீ., கை 3 செ.மீ. நிஜ விலங்கின் எடை எட்டு டன் இருக்கும். தேயிலைத் தோட்டத்துக்குள் வரும் பெரிய காட்டுமாடுகளில் எட்டைச் சேர்த்த எடை.

கம்பியில் முதுகை வளைத்ததும் கால். கோழிக் காலைப் பார்த்துச் செய்யுங்கள். பின்பக்கமாக மடங்குவது முழங்கால் அல்ல, கணுக்கால். நிஜ முழங்கால் மேலே, தொடையோடு ஒட்டி இருக்கும்.

இனி வால். நான் சிக்கியது இங்கேதான். பல்லி வால் மாதிரி மெலிதாக வைத்தேன், தலைகுப்புற விழுந்தது. பழைய படங்களில் இருப்பதுபோல வாலைத் தரையில் ஊன்றினேன். நின்றது, ஆனால் தப்பு. இந்த வகை டைனோசர்களின் காலடித் தடங்களில் வால் இழுபட்ட கோடு அநேகமாக இருப்பதே இல்லை. வால்தான் தலைக்கு எதிர் எடை. தொடையைப் பின்னுக்கு இழுக்கும் பெரிய தசையும் வாலடியில்தான் இருக்கிறது. அதனால் வாலடியைத் தொடை அளவுக்குப் பருமனாக்குங்கள். காய்ந்ததும் இடுப்புக்குக் கீழே இரண்டு விரலை வைத்துத் தூக்குங்கள். தராசு மாதிரி மட்டமாக நிற்க வேண்டும்.

தலை பின்னால் அகலம், மூக்குப் பக்கம் குறுகல். நேரே பார்த்தால் இரண்டு கண்ணும் தெரிய வேண்டும். இரை எவ்வளவு தூரத்தில் என்று கணிக்க அந்தப் பார்வைதான் உதவியது. பல்லைக் கத்தி மாதிரி சீவாதீர்கள். எலும்பை நொறுக்கும் தடித்த பல் அது. புதைபடிவச் சாணத்தில் எலும்புத் துணுக்குகளே கிடைத்திருக்கின்றன. எட்மண்டோசாரஸ் என்ற தாவரம் தின்னும் டைனோசர் ஒன்றின் வாலெலும்பில் இதன் கடிக்காயம் ஆறிய தழும்பும் உண்டு. ஆறியது என்றால் கடிபட்டது உயிரோடு தப்பியிருக்கிறது. செத்ததை மட்டும் தின்ற விலங்கு என்று யாராவது சொன்னால் அந்தத் தழும்பைச் சொல்லுங்கள்.

கை சுலபம்: இரண்டு விரல், உள்ளங்கை தரையைப் பார்க்காமல் கைதட்டுவதுபோல ஒன்றையொன்று பார்க்கட்டும்.

பின்சேர்க்கை: வாலைத் தடிமனாக்கியும் முன்னால் சாய்வதாக இருவர் எழுதியிருந்தார்கள். தலையைக் கெட்டியாகச் செய்திருப்பீர்கள். நிஜ மண்டையோட்டிலேயே பெரிய துவாரங்களும் காற்றறைகளும் உண்டு. தாளைத் தளர்வாகச் சுருட்டி உள்ளே வையுங்கள், மேலே இரண்டு அடுக்கு போதும்.