வன்னியிலிருந்து நுவரெலியாவுக்கு ஒருநாள் சுற்றுலா: முதன்முறை ஒழுங்கு செய்பவர்களுக்கு

வன்னியில் 'நுவரெலியா ட்ரிப்' என்றால் பெரும்பாலும் இதுதான் நடக்கும். சனசமூக நிலையமோ கோயில் இளைஞர்களோ நாலைந்து குடும்பங்களோ சேர்ந்து ஒரு வான் பிடிப்பார்கள். இரவு ஏறி, விடிய மலையில் இறங்கி, பின்னேரம் திரும்புவார்கள். ஒருநாள் என்று சொன்னாலும் உண்மையில் அது இரண்டு இரவும் ஒரு பகலும். கிளிநொச்சியிலிருந்து கண்டி வழியாக நுவரெலியா 300 கிலோமீற்றரைத் தாண்டும். வழியில் நிற்கும் நேரத்தையும் சேர்த்தால் எட்டு, ஒன்பது மணித்தியாலம். முல்லைத்தீவுப் பக்கத்தவர்கள் மாங்குளம் வந்து ஏ-9இல் ஏறினாலும் கிட்டத்தட்ட அதே நேரம்தான். வவுனியாக்காரருக்கு ஒரு மணித்தியாலத்துக்கு மேல் மிச்சம்.

1. மாதத்தை முதலில் தீர்மானியுங்கள்

காலபோக அறுவடை முடிந்து நெல் விற்ற கையோடு கிளம்புவதுதான் எங்கள் ஊருக்கும் அந்த ஊருக்கும் ஒத்துவரும். பெப்ரவரி, மார்ச்சில் மலையில் மழை குறைவு, வானம் தெளிவாக இருக்கும். மே முதல் செப்டெம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்று மழையும் குளிர்காற்றுமாக அடிக்கும். நவம்பர், டிசம்பரில் மண்சரிவுப் பயம். ஏப்ரல் அங்கே வசந்த காலக் கொண்டாட்டம். மலர்க் கண்காட்சி, குதிரைப் பந்தயம், கார்ப் பந்தயம் என்று ஊரே நிறைந்துவிடும். ஒரே பகலை வைத்துக்கொண்டு போகிற நாங்கள் அந்த வாகன நெரிசலில் பாதி நேரத்தைத் தொலைப்போம். ஏப்ரல் வேண்டாம்.

எந்த மாதமானாலும், புறப்படுவதற்கு முதல்நாள் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் மண்சரிவு எச்சரிக்கையைப் பாருங்கள். மஞ்சள், செம்மஞ்சள், சிவப்பு என்று பிரதேச செயலகப் பிரிவு வாரியாக வரும். வழியிலுள்ள கொத்மலைக்கோ நுவரெலியாவுக்கோ சிவப்பு விழுந்திருந்தால் பயணத் திகதியை மாற்றுங்கள். வானுக்குக் கொடுத்த முற்பணத்தை நினைத்து ஏறவேண்டாம்.

2. வானும் சாரதியும்

வானின் வயதையும் ஏசியையும் கேட்பதற்கு முன், சாரதி இதற்கு முன் கம்பளையிலிருந்து நுவரெலியாவுக்கு ஏறும் இறம்பொடைப் பாதையில் ஓடியிருக்கிறாரா என்று கேளுங்கள். ஏ-9இல் நேர்கோட்டில் ஓடிப் பழகிய கைக்கு மலை வேறு வேலை. இறக்கத்தில் பிரேக்கை மட்டும் நம்பி மிதித்துக்கொண்டே வந்தால் அது சூடேறிப் பிடியை இழக்கும். ஏறின கியரிலேயே இறங்கவேண்டும் என்பது மலைநாட்டுச் சாரதிகளுக்குப் பாலபாடம். உங்கள் சாரதியும் அதைத் தானாகச் சொல்கிறாரா என்று கதைகொடுத்துப் பாருங்கள்.

இரண்டாவது கேள்வி இன்னும் முக்கியம்: இரவு முழுக்க ஓட்டியவர் எப்போது நித்திரை கொள்வார்? கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பயணத்துக்கு இரண்டு சாரதிகள் வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. ஒருவர்தான் கிடைத்தார் என்றால், நீங்கள் நுவரெலியாவில் சுற்றும்போது அவரை நாலு மணித்தியாலமாவது படுக்க விடுங்கள். வான் ஓரிடத்தில் நிற்கட்டும், அந்த நேரத்தில் நீங்கள் நடந்தோ ஓட்டோ பிடித்தோ போகலாம். 2025 மே 11ஆம் திகதி கொத்மலை கெரண்டி எல்லவில் ஒரு பஸ் பள்ளத்தில் விழுந்து இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். நாங்கள் ஏறப்போகிற இதே வீதியில், விடியுமுன் நடந்த விபத்து அது. ஆகவே ஒரு விதியை எழுதி வைத்துவிடுங்கள்: கம்பளைக்கு மேலே இருட்டில் ஏறுவதும் இல்லை, இருட்டில் இறங்குவதும் இல்லை.

3. வழிகாட்டி: மலையகத்தவராக இருக்கட்டும்

பலர் இந்தச் செலவைத் தவிர்த்துவிடுகிறார்கள். சாரதிக்கே இடம் தெரியும்தானே என்பார்கள். இடம் தெரிவது வேறு, இடத்தைச் சொல்லத் தெரிவது வேறு.

இலங்கை சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபை வழிகாட்டிகளுக்கு அனுமதிப்பத்திரம் கொடுக்கிறது. தேசிய வழிகாட்டி, சாரதி வழிகாட்டி, பிரதேச வழிகாட்டி, தல வழிகாட்டி என்று வகை உண்டு. எங்களுக்குத் தேவை நுவரெலியாப் பிரதேசத்தை அறிந்த ஒருவர். அவர் கம்பளையிலோ இறம்பொடையிலோ காலையில் ஏறிக்கொண்டு, பின்னேரம் அதே இடத்தில் இறங்கினால் போதும். அனுமதி அட்டையைக் காட்டச் சொல்லிப் பார்ப்பதில் தவறில்லை. கட்டணம், சாப்பாடு, எத்தனை மணி வரை என்ற மூன்றையும் போனிலேயே பேசி முடித்துவிடுங்கள்.

அவர் மலையகத் தமிழராக இருக்கட்டும் என்று நான் வற்புறுத்துவதற்கு மொழி வசதி மட்டும் காரணமில்லை. 1820களிலிருந்து கோப்பித் தோட்டங்களுக்குக் கொண்டுவரப்பட்ட மக்கள் மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே தம்புள்ளை கடந்து மாத்தளைக்கு நடந்தே போனார்கள். வாந்திபேதியிலும் பசியிலும் வழியில் விழுந்தவர்களுக்குக் கணக்கில்லை. மதவாச்சிக்கு அப்பால் உங்கள் வான் ஓடுவது ஏறக்குறைய அந்த வழியில்தான். 2023இல், இருநூறு ஆண்டு நினைவாக, தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை மக்கள் மீண்டும் நடந்தார்கள். 1977, 1983 வன்செயல்களுக்குப் பிறகு அந்த மக்களில் பல குடும்பங்கள் மலையை விட்டு வன்னிக்கு வந்து காடுவெட்டிக் குடியேறின. இன்று கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் முல்லைத்தீவிலும் அவர்கள் எங்கள் அயலவர்கள், மருமக்கள், வகுப்பாசிரியர்கள். உங்கள் வானிலேயே தாத்தா பிறந்த தோட்டத்தின் பெயர் மட்டும் தெரிந்த ஒரு பிள்ளை இருக்கக்கூடும். புறப்படுமுன் எல்லோரிடமும் கேட்டு, அந்தத் தோட்டப் பெயர்களை வழிகாட்டிக்கு அனுப்பிவையுங்கள். போகிற வழியில் அந்த மலை தெரிந்தால் கையைக் காட்டிச் சொல்ல அவரால் முடியும். அதுவே அந்தப் பிள்ளைக்குப் பெரிய விஷயம்.

4. என்ன கொண்டுபோவது

நுவரெலியா கடல் மட்டத்திலிருந்து 1,868 மீற்றர். ஒவ்வொரு நூறு மீற்றருக்கும் ஏறத்தாழ 0.6 பாகை வெப்பம் குறையும். எங்கள் தரையோடு பார்த்தால் பதினொரு பாகை வித்தியாசம். பெப்ரவரி விடியலில் புல்லில் உறைபனி படிகிற நாட்களும் உண்டு. ஒரு தடித்த ஜக்கெற்றை விட, ஒன்றன்மேல் ஒன்றாகப் போடக்கூடிய இரண்டு உடுப்பு நல்லது. மத்தியானம் வெயில் வந்தால் ஒன்றைக் கழற்றலாம். பிள்ளைகளுக்குக் காதுமூடும் தொப்பி, எல்லோருக்கும் காலுறை. வழுக்காத அடியுள்ள சப்பாத்து போடுங்கள், பாட்டா செருப்போடு ஈரப்படியில் இறங்காதீர்கள். முட்டு வருத்தம் (ஆஸ்துமா) உள்ளவர்கள் பம்மைக் கைப்பையிலேயே வைத்திருக்கவேண்டும். வான் கூரைக்கு ஏற்றின பையில் இருந்தால் உதவாது.

சத்தி வருகிறவர்களை முன் இருக்கையில் இருத்துங்கள். இரவுச் சாப்பாடு இடியப்பமோ புட்டோ அளவாகப் போதும், கொத்துரொட்டி வேண்டாம். பயணக் குளிசையை வளைவு தொடங்கின பிறகு போட்டுப் பயனில்லை, அரை மணித்தியாலம் முன்பே போடவேண்டும். போனைப் பார்க்காமல் தூரத்து வீதியைப் பார்த்துக்கொண்டு வந்தால் பாதி குறையும். காது அடைத்தால் எச்சில் விழுங்கச் சொல்லுங்கள்.

தேசிய அடையாள அட்டையை எல்லோரும் எடுங்கள். ஹக்கல தாவரவியல் பூங்கா போன்ற இடங்களில் உள்நாட்டவருக்கும் வெளிநாட்டவருக்கும் ரிக்கற் விலை வேறு. கனடாவிலிருந்தோ லண்டனிலிருந்தோ வந்த சொந்தக்காரர் கூட வந்தால் அந்தச் செலவை முன்கூட்டியே கணக்கில் எடுங்கள்.

5. பயண நாளைக் கொண்டுபோகும் முறை

கிளிநொச்சியில் இரவு ஒன்பதரைக்குப் புறப்பட்டால் தம்புள்ளையில் ஒரு பிளேன்டீ, கழிவறை. பெண்களும் வயதானவர்களும் கேட்கும்வரை காத்திராமல் நீங்களே நிறுத்துங்கள். மாத்தளை, கண்டி கடந்து ஐந்து மணிக்குக் கம்பளை. அப்போது இன்னும் இருட்டுத்தான். அங்கேயே நின்று, முகம் கழுவி, வெளிச்சம் வந்தபின் ஏறுங்கள்.

புசல்லாவை தாண்டி இறம்பொடை. காலை ஏழரைக்குள் அங்கே நின்றால், 109 மீற்றர் உயரத்திலிருந்து விழுகிற நீர்வீழ்ச்சியைச் சனம் சேருமுன் பார்க்கலாம். குளிக்க இறங்க வேண்டாம். மேலே மழை பெய்தால் கீழே நிற்பவருக்குத் தெரியாமலே நீர் பெருகிவிடும். பக்கத்தில் சின்மயா மிஷன் கட்டிய ஆஞ்சநேயர் கோயிலில் கும்பிட்டு, கட்டிவந்த சாப்பாட்டை முடித்துக்கொள்ளலாம்.

அடுத்து லபுக்கலை. தேயிலைத் தொழிற்சாலைக்குள் கூட்டிப்போய்க் காட்டுவார்கள். இங்கே அவசரப்படாதீர்கள், என் கணக்கில் பயணத்தின் மிகப் பெறுமதியான இடம் இதுதான். பச்சைக் கொழுந்தைக் காற்றோட்டத்தில் வாட்டி, உருட்டி, நிறம் மாறவிட்டு, சூட்டில் உலர்த்தி, சலித்துத் தரம் பிரிக்கிறார்கள். நாங்கள் வீட்டில் கொதிக்கவைக்கும் சாயத்தின் நிறம் அந்த மூன்றாம் கட்டத்தில்தான் வருகிறது. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரத் தோட்டத்தில் தேயிலையைத் தோட்டப்பயிராகத் தொடங்கினார். அடுத்த சில ஆண்டுகளில் இலைத்துரு நோய் கோப்பியை அழிக்க, மலை முழுக்கத் தேயிலையாயிற்று. இதெல்லாம் பலகையில் எழுதியிருக்கும். வழிகாட்டியிடம் கேட்கவேண்டியது பலகையில் இல்லாதது: பெரட்டு (காலையில் ஆட்களைக் கணக்கெடுத்து வேலைக்கு அனுப்புவது) எத்தனை மணிக்கு, முழுப் பேருக்கு (ஒருநாள் முழுச் சம்பளத்துக்கு) எத்தனை கிலோ பறிக்கவேண்டும், அரைப் பேர் என்றால் என்ன, மழைநாளில் கூடையோடு அந்தச் சரிவில் எப்படி நிற்கிறார்கள்.

கொழுந்து பறிக்கிற அம்மாக்களைக் கண்டவுடன் போனைத் தூக்காதீர்கள். முதலில் வணக்கம் சொல்லுங்கள், எங்கிருந்து வருகிறோம் என்று சொல்லுங்கள், விருப்பமா என்று கேளுங்கள். வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள். கிலோக் கணக்கில் கூலி வாங்குபவரை நிறுத்திவைத்துப் படம் பிடித்தால் அவருடைய உழைப்பு நேரத்தைத்தான் எடுக்கிறோம். தொழிலாளர்கள் குடியிருக்கும் லயத்துக்குள் எட்டிப்பார்ப்பதும் கூடாது, அது மற்றவருடைய வீடு.

அங்கிருந்து நகரத்தில் நிற்காமல் நேரே ஹக்கல போங்கள். தூர இடத்தை முதலில் முடிப்பதற்குக் காரணம் உண்டு. பிற்பகலில் மூடுபனி இறங்கினால் பூங்காவில் பத்தடிக்கு மேல் தெரியாது. 1861இல் சிங்கோனா மரம் நட்டுத் தொடங்கிய இடம் அது. அந்தப் பட்டையிலிருந்துதான் மலேரியாவுக்குக் குயினைன் எடுத்தார்கள். மலேரியாக் காய்ச்சல் வன்னியை என்ன பாடுபடுத்தியது என்று எங்கள் அம்மம்மாமாருக்குத் தெரியும். உலக சுகாதார நிறுவனம் இலங்கையை மலேரியா அற்ற நாடாக அறிவித்தது 2016இல்தான். பிள்ளைகளுக்கு ரோசாப்பூவோடு இதையும் காட்டிச் சொல்லுங்கள்.

திரும்பும் வழியில் சீதை அம்மன் கோயில். சீதையைச் சிறைவைத்த அசோகவனம் இதுவே என்பது நம்பிக்கை. ஓடைப் பாறையில் உள்ள குழிகளை அனுமன் பாதம் என்பார்கள். பூசை நேரத்தை வழிகாட்டி முன்பே விசாரித்து வைத்தால் நடை சாத்தியிருக்க நேராது.

மத்தியானச் சாப்பாடு நகரத்தில். 1894இல் கட்டிய சிவப்புச் செங்கல் தபாலகம் இன்னும் இயங்குகிறது, அங்கிருந்து வீட்டுக்கு ஒரு தபாலட்டை போடலாம். பிறகு 1873இல் ஆளுநர் கிரகரி காலத்தில் அமைத்த வாவி. படகில் ஏறினால் உயிர்காப்பு அங்கி கட்டாயம். இரணைமடுவில் நீந்தினவர் என்றாலும் அந்தக் குளிர்த்தண்ணீர் வேறு.

ஹோர்ட்டன் சமவெளியில் உள்ள 'உலக முடிவு' என்ற செங்குத்து மலைவிளிம்பைப் பார்க்கவேண்டும் என்று யாராவது கட்டாயம் கேட்பார்கள். அங்கே விடியவே நுழைந்து கிலோமீற்றர் கணக்கில் நடக்கவேண்டும், அதற்குத் தனியாக ஒருநாள் தேவை. இந்தப் பயணத்தில் சேர்க்காதீர்கள்.

6. இறங்குவது

மூன்றரைக்கு எல்லோரும் வானில் இருக்கவேண்டும். கரட், லீக்ஸ், கோவா வாங்குவதென்றால் நகரத்தில் தேடாமல், இறங்கும் வழியில் வீதியோரக் கடைகளில் வாங்குங்கள். ஒரே இடத்தில், இருபது நிமிடத்துக்குள். மரக்கறிப் பையை ஆட்கள் நடக்கும் வழியில் வைக்காமல் இருக்கைக்கடியில் தள்ளுங்கள். இறம்பொடையிலோ கம்பளையிலோ வழிகாட்டியை இறக்கும்போது பேசிய பணத்தை எல்லோர் முன்னாலும் கையில் கொடுங்கள். அவருடைய இலக்கத்தை ஊரில் அடுத்து ஒழுங்கு செய்யப்போகிறவருக்கும் கொடுக்கலாமா என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.

ஆறு, ஆறரைக்குள் கம்பளை வந்துவிட்டால் கஷ்டமான பகுதி முடிந்தது. கண்டி தாண்டி இரவுச் சாப்பாட்டோடு இரண்டாவது சாரதி ஸ்டியரிங்கைப் பிடிக்கட்டும். அவருக்குப் பக்கத்து இருக்கையில் நித்திரை கொள்ளாத ஒருவரை இருத்தி, தம்புள்ளைக்குப் பிறகு முறை மாற்றிக்கொள்ளுங்கள். மறுநாள் பாடசாலையோ வேலையோ உள்ளவர்கள் இருந்தால் வெள்ளி இரவு புறப்படுங்கள், ஞாயிறு முழுக்கப் படுத்து எழும்பலாம்.