வெண்புள்ளி வந்த பிள்ளையை வகுப்பில் ஒதுக்கினால்

அம்பாசமுத்திரத்தில் தையல் கடை வைத்திருக்கிறேன். என் கைகளிலும் உதட்டிலும் வெண்புள்ளி உண்டு. நாலாம் வகுப்பு படிக்கும் தங்கை மகளுக்கும் இப்போது கண்ணோரம் வந்திருக்கிறது. மத்தியானச் சாப்பாட்டுக்குப் பக்கத்தில் யாரும் உட்காருவதில்லையாம். தங்கையிடம் சொன்னதையே இங்கேயும் எழுதுகிறேன்.

முதலில் வீட்டைச் சரி பண்ணுங்கள். வெள்ளையை மறைக்கப் பவுடர், போட்டோ எடுத்தால் "அந்தப் பக்கம் திரும்பு" என்பதெல்லாம் நிற்கட்டும். மீனும் பாலும் சேர்த்துத் தின்றதால் வந்தது என்று எங்கள் ஆச்சி சாகிறவரை சொன்னாள். அப்படியெல்லாம் இல்லை. தோலுக்கு நிறம் கொடுக்கும் செல்களை உடம்பின் எதிர்ப்புச் சக்தியே அழித்துவிடுகிறது. தொழுநோய்க்கும் இதற்கும் சம்பந்தமில்லை. தொட்டால் ஒட்டாது.

அப்புறம், பிள்ளைக்கு ஒரே மூச்சில் சொல்லி முடிக்கிற பதில் வேண்டும். மருமகளுக்கு நான் பழக்கியது இது: "இது ஒட்டாது. எங்க மாமாவுக்கும் இருக்கு. பாண்டி விளையாட வாரியா?" கடைசிக் கேள்வியை விடக்கூடாது. விளக்கத்தோடு நிறுத்தினால் எதிரே நிற்பவள் புள்ளியையே பார்த்துக்கொண்டிருப்பாள். விளையாடக் கூப்பிட்டால் பேச்சு மாறிவிடும். வீட்டிலேயே நீங்கள் கேலி பண்ணுகிறவராக நடித்துப் பழக்குங்கள். நான் நடித்தபோது, "ஒழுங்கா கேலி பண்ணக்கூடத் தெரியல மாமா உங்களுக்கு" என்று திட்டு வாங்கினேன்.

வகுப்பு முழுவதையும் சேர்த்துக்கொள்ள நினைக்காதீர்கள், ஒரு கூட்டாளி போதும். அந்தப் பிள்ளையின் அம்மாவிடம் முதலில் பேசுங்கள். "தொடாதே" என்ற சொல் பெரும்பாலும் வீட்டிலிருந்துதான் போகிறது. தங்கை ரேஷன் கடை வரிசையில் நின்றபடியே ஒரு அம்மாவிடம் பேசிவிட்டாள். சனிக்கிழமை அந்தச் சிறுமி வீட்டுக்கு வந்தாள். பல்லாங்குழி மாதிரி இரண்டு பேர் ஆட்டமாகப் பாருங்கள், யாரும் வெளியே நிற்க வேண்டியிருக்காது.

டீச்சரிடம் ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொல்லுங்கள்: பிள்ளையை எழுப்பி நிறுத்தி வகுப்புக்கு அறிவுரை சொல்ல வேண்டாம். பாடத்தோடு பாடமாக, பெயர் சொல்லாமல் சொல்லட்டும். சாப்பாட்டு வரிசையை அவரே மாற்றி மாற்றி உட்கார வைக்கலாம்.

அடி, பட்டப்பெயர் என்று போனால் குழந்தைகள் உதவி எண் 1098, அல்லது பள்ளிக் கல்வித்துறையின் உதவி எண் 14417-க்குக் கூப்பிடுங்கள்.

வைத்தியத்துக்கு நாங்கள் போவது பாளையங்கோட்டை ஹைகிரவுண்டு ஆஸ்பத்திரி. களிம்பு, ஒளிச் சிகிச்சை எல்லாம் மாதக்கணக்கில் ஆகும், முழுசாக நிறம் திரும்பாமலும் போகலாம். அதுவரை விளையாட்டை நிறுத்தாதீர்கள். புள்ளி உள்ள இடம் வெயிலில் சீக்கிரம் கன்றிவிடும், அதனால் உச்சி வேளையில் மட்டும் நிழலில் ஆடச் சொல்லுங்கள்.