பணிமூப்பு வழக்கில் விட்டுப்போகும் பெயர்கள்

போன வாரம் ஜூனியர் ஒருவர் ரிட் மனு (அரசு அமைப்பின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) வரைவு ஒன்றைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். பல்கலைக்கழக ஊழியர் ஒருவரின் பணிமூப்பு வழக்கு. எதிர்மனுதாரர்கள் இரண்டே பேர்: உயர்கல்வித் துறைச் செயலர், பதிவாளர்.

"முந்திப் போன ஆட்கள் எங்கே தம்பி?"

"பட்டியலைத் தப்பாப் போட்டது யுனிவர்சிட்டிதானே சார், அவங்க என்ன செஞ்சாங்க?"

2004 ஜூலையில் மதுரை ஒத்தக்கடையில் உயர் நீதிமன்றக் கிளை திறந்த புதிதில் நானும் இதையேதான் சொன்னேன். அதனால்தான் இதை எழுதுகிறேன். வக்காலத்தில் கையெழுத்து இல்லை, பக்க எண் இல்லை என்பதையெல்லாம் ஃபைலிங் செக்‌ஷனே மனுவைத் திருப்பிக் கற்றுக்கொடுத்துவிடும். அதற்கு நான் தேவையில்லை.

பாதிக்கப்படுகிறவரைச் சேர்க்காமல் விடுவது

என் கட்சிக்காரர் உசிலம்பட்டிப் பக்கத்துக்காரர். ஒரு பல்கலைக்கழகத்தில் உதவியாளர். எது என்பது வேண்டாம். அவருக்குப் பின்னால் பணியில் சேர்ந்த நான்கு பேர் கண்காணிப்பாளர் ஆகிவிட்டார்கள். ஆட்சேபம் கேட்காமலேயே பணிமூப்புப் பட்டியலை இறுதி செய்திருந்தார்கள். இயற்கை நீதி மீறல் என்று பக்கம் பக்கமாக எழுதினேன். இடைக்காலத் தடையும் கிடைத்தது. அன்று யானைமலையைப் பார்த்துக்கொண்டு குடித்த டீக்கு தனி ருசி.

மூன்று வாரத்தில் அந்த நான்கு பேரும் தடையை நீக்கக் கோரி வந்து நின்றார்கள். நீதிபதி என்னிடம் ஒன்றுதான் கேட்டார்: "உங்கள் கட்சிக்காரரைக் கேட்காமல் முடிவெடுத்தது தப்பு என்கிறீர்கள். இவர்களைக் கேட்காமல் இவர்கள் பதவியை எடுக்கச் சொல்கிறீர்களே?" நான் வாயைத் திறக்கவில்லை. தடை போயிற்று. அப்புறம் அவர்களை வழக்கில் சேர்க்க இம்ப்ளீட் மனு, நோட்டீஸ்; வீடு மாறிப்போன ஒருவரின் கவர் திரும்பி வந்தது, மறுபடி நோட்டீஸ். இறுதி விசாரணை வந்தபோது என் கட்சிக்காரர் ஓய்வுபெற்று இரண்டு வருடம் ஆகியிருந்தது. "பரவாயில்ல சார்" என்றார். திட்டியிருந்தால்கூட இத்தனை நாள் உறுத்தியிருக்காது.

சட்டம் அப்போதும் தெளிவாகத்தான் இருந்தது. 1984இல் பிரபோத் வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: நேரடியாகப் பாதிக்கப்படுகிறவர்கள் முன்னால் இல்லாமல் ரிட் மனுவைத் தீர்மானிக்கக் கூடாது, ஆள் அதிகம் என்றால் சிலரையாவது பிரதிநிதிகளாகச் சேர்க்க வேண்டும். அதுவும் ஆசிரியர் நியமனம் பற்றிய வழக்குதான்.

இங்கே கெட்டிக்கார ஜூனியர்கள் 1974இன் சித்தாந்தி தீர்ப்பையும் 1983இன் ஜனார்தனா தீர்ப்பையும் எடுத்து நீட்டுவார்கள். விதியையோ கொள்கையையோ மட்டும் எதிர்த்தால், தனி ஆட்களைச் சேர்க்காதது மனுவைக் கொல்லாது என்பது அவற்றின் சாரம். சரிதான். ஆனால் உங்கள் மனுவின் கடைசிப் பத்தியைப் படித்துப் பாருங்கள். 'இன்னாருக்கு வழங்கிய பதவி உயர்வை ரத்து செய்ய வேண்டும்' என்று அதில் இருந்தால் அந்தக் குடை உங்களுக்கு இல்லை. பெரும்பாலும் அப்படித்தான் இருக்கும், ஏனென்றால் கட்சிக்காரருக்கு வேண்டியது அதுதான்.

பெயர் தெரியாது என்பதும் சாக்கு. பட்டியல் கையில் இல்லையென்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். பெயர், பதவி, எந்தத் துறையில் வேலை என்று எழுதி, அலுவலக முகவரியைப் போடுங்கள். நாற்பது பேர் என்றால் சிலரைப் பிரதிநிதிகளாக வைக்கவும் நாளிதழில் அறிவிப்பு கொடுக்கவும் நீதிமன்ற அனுமதியை முதலிலேயே வாங்குங்கள். ஒரு நாள் வேலை. எனக்கு அது பல வருடம் ஆயிற்று.

மனுமேல் மனு

பதிவாளருக்கு ஒன்று, துணைவேந்தருக்கு ஒன்று, நினைவூட்டல் மூன்று. இப்படியே நான்கு வருடம் போகும். பிறகு 'மனுவைப் பரிசீலித்து 12 வாரத்தில் முடிவெடு' என்று நீதிமன்றத்தில் ஓர் உத்தரவு வாங்கினால், வழக்குப் போடுவதற்கான காலம் புதிதாகத் தொடங்கும் என்று நம்பிக்கை. தொடங்காது. 2008இல் சி. ஜேக்கப் வழக்கில் அந்த வாசலை உச்ச நீதிமன்றம் மூடிவிட்டது. அதற்கும் முன்னால், தமிழ்நாட்டிலிருந்தே போன சதாசிவஸ்வாமி வழக்கில், இளையவருக்குப் பதவி உயர்வு தந்தால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஒரு வருடத்துக்குள் நீதிமன்றம் வர வேண்டும் என்றது. அவர் வந்தது பதினான்கு வருடம் கழித்து.

நேர்முகத்தேர்வு முடிந்தபின் பாரபட்சம் பேசுவது

தேர்வுக் குழுவில் இருப்பவருக்கு உங்கள் மேல் பகை என்று முன்பே தெரிந்தால், உள்ளே போவதற்கு முன்னால் எழுத்தில் கொடுங்கள். லக்னோ பல்கலைக்கழகத்தில் மானுடவியல் பேராசிரியர் பதவிக்குப் போட்டியிட்ட சரணா, குழுவில் யார் யார் என்று தெரிந்தும் பேசாமல் போய் உட்கார்ந்தார். முடிவு பாதகமான பிறகு வழக்குப் போட்டார். 1976இல் உச்ச நீதிமன்றம் அவரைத் திருப்பி அனுப்பியது. கொடுத்த கடிதத்துக்கு ஒப்புதல் முத்திரை வாங்காமல் வராதீர்கள். தபால் பிரிவில் கொஞ்சம் முறைப்பார்கள், முறைக்கட்டும்.

'என்னைக் கேட்கவில்லை' என்பதோடு நிறுத்துவது

கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பீர்கள் என்பதையும் மனுவில் எழுதுங்கள். உண்மையில் மறுப்பே இல்லாத இடத்தில் நோட்டீஸ் தராதது மட்டும் உங்களைக் காப்பாற்றாது. 2000இல் அலிகர் பல்கலைக்கழக ஊழியர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்.

பழைய பணிக்காலம்

முன்பு வேறு இடத்தில் பார்த்த வேலையைப் பணி மேம்பாட்டுக்கு எண்ணியிருந்தாலும், அது பணிமூப்புக்குத் தானாக வராது.

பொறுப்புப் பதவியில் இருந்த நாட்கள்

விதிப்படி இல்லாத இடைக்கால ஏற்பாடு என்றால் அதுவும் பணிமூப்புக்கு வராது.

ஜூனியர் நேற்று வரைவைத் திருத்திக்கொண்டு வந்தார். எதிர்மனுதாரர்கள் இப்போது ஒன்பது பேர். ஆறாவது ஆளின் துறை தப்பாக இருந்தது. பென்சிலால் வட்டம் போட்டுத் திருப்பிக் கொடுத்தேன்.