கஸுஸா முறையில் ஊற்றுக்கண் தேடுதல்

ஜப்பானியக் கிராமங்களில் கிணற்றுக்கு இடம் குறிக்க வழங்கிவந்த கிண்ணச் சோதனையை முதலில் செய்து பார்க்கலாம். மழையற்ற நாளின் மாலையில், தோண்ட நினைக்கும் நிலத்தில் புல்லைச் செதுக்கி, ஒரே அளவுள்ள கிண்ணங்களைப் பல இடங்களில் கவிழ்த்து வைத்து, மறுநாள் வெயில் ஏறுமுன் எடுத்து, எதன் உட்புறத்தில் நீர்த்துளிகள் மிகுந்திருக்கின்றன என்று பார்க்க வேண்டும். இச்சோதனை மேல்மண்ணின் ஈரத்தையே காட்டும்; ஆழமில்லாத கிணற்றுக்கு ஒரு குறிப்பாகக் கொள்ளலாமே தவிர, ஆழத்து நீருக்கு இதை நம்பக் கூடாது. துறவி கூக்காய் (774–835) கைத்தடியால் குத்திய இடத்தில் ஊற்றுப் பிறந்ததாகச் சொல்லும் கதைகள் நாடெங்கும் உண்டு; அந்தத் தடி நம்மிடம் இல்லை.

ஆழத்து நீருக்கு, சிபா மாகாணத்தின் கஸுஸா வட்டாரத்தார் மெய்ஜி காலத்தில் (1868–1912) உருவாக்கிய துளையிடும் முறையே தக்கது. அங்கே மணலும் இறுகிய களியும் அடுக்கடுக்காக வடக்கு நோக்கிச் சரிந்திருப்பதால், தெற்கு மலைகளில் மணலுக்குள் இறங்கும் மழைநீர் ஒபிட்சு, கொயிட்டோ ஆற்றுப் பள்ளத்தாக்குகளின் அடியில் அழுத்தத்துடன் அடைபட்டுக் கிடக்கிறது. எனவே மேட்டை விட்டுத் தாழ்ந்த இடத்தைத் தேர்ந்துகொள்ள வேண்டும். அருகில் தானாகப் பொங்கும் கிணறு இருந்தால், அதன் ஆழத்தைக் கேட்டறிவது எந்தச் சகுனத்தையும் விடப் பயன் தரும்.

சாரம் கட்டி, மேலே வில்போல் வளைந்து நிமிரும் மூங்கில்களைப் பொருத்தி, நீண்ட மூங்கில் பட்டைகளை ஒன்றோடொன்று இணைத்துத் தொங்கவிட்டு, நுனியில் இரும்புக் குழாயை மாட்ட வேண்டும். கைப்பிடியை அழுத்தி இடித்தால், மீண்டும் தூக்கும் வேலையில் பெரும்பகுதியை வில்லே செய்துவிடும். துளை இடியாதிருக்கக் களிமண் கரைத்த நீரை எப்போதும் நிரப்பி வைக்க வேண்டும். அடியில் சேரும் மண்ணை, கீழ்முனையில் அடைப்பிதழ் உள்ள குழாயால் அவ்வப்போது அள்ள வேண்டும். ஆழம் கூடியபின், ஆள் உள்ளே நின்று மிதிக்கும் பெரிய சக்கரத்தில் பட்டைகளைச் சுற்றி மேலேற்றலாம்.

நீரைக் கண்டறியும் நுட்பம் முழுவதும் இந்த இடிப்பிலேயே அடங்கியிருக்கிறது. களியில் இரும்பு மந்தமாகப் பதியும். மணலைத் தொட்டதும் நறநறப்புப் பட்டையின் வழியே கைக்கு எட்டும். அள்ளிய மண்ணை ஆழவாரியாக எடுத்து வைத்து ஒப்பிட வேண்டும். துளையிலுள்ள களிநீர் திடீரென்று இறங்கினால், நீர் புகக்கூடிய மணலடுக்கு வந்திருக்கிறது. களிநீர் நீர்த்து மேலேறினால், அடைபட்ட நீர் அழுத்துகிறது என்று கொள்ள வேண்டும்.

அந்த அடுக்குக்கு நேராகத் துளைகள் இட்ட மூங்கில் குழாயை இறக்கி, அதற்கு மேலுள்ள இடைவெளியைக் களிமண்ணால் அடைத்து, கலங்கல் தெளியும்வரை நீரை வெளியேற்ற வேண்டும்.