குட்பிரான்ஸ்டால் பள்ளத்தாக்கை வரைபடத்தில் படிப்பது எப்படி?

நார்வேயின் 1:50,000 வரைபடத்தில் உயரக்கோடுகள் (ஒரே உயரமுள்ள இடங்களை இணைக்கும் கோடுகள்) 20 மீட்டர் உயரத்துக்கு ஒன்று. முதலில் ஆறு ஓடும் திசையைப் பிடியுங்கள். லெஸ்யாஸ்கூக்ஸ்வாட்னெட் ஏரியில் தொடங்கினால் குழம்புவீர்கள். அதன் நீர் இரு முனைகளிலும் வெளியேறுகிறது. மேற்கே போவது ரௌமா ஆறு, தென்கிழக்கே வருவது இந்தப் பள்ளத்தாக்கின் ஆறான லோகன். லோகன் லில்லஹாமர் அருகே மியோசா ஏரியில் சேரும்.

பிறகு பண்ணைகள். வெயில் விழும் சரிவில்தான் அவை நெருங்கி நிற்கும். ஆற்றோரம் வயல் இருந்தாலும் வீடுகள் பெரும்பாலும் மேட்டில்தான். அடியில் குளிர்காற்று தேங்கும், வெள்ளமும் ஏறும். 1789 ஜூலையில் வந்தது பெருவெள்ளம். மழையில் ஊறிய சரிவுகளும் சரிந்தன. ஆகவே ஓடை இறங்கும் இடத்தில் விசிறிபோல் விரிந்த மண்மேட்டைச் சந்தேகத்தோடு பாருங்கள்; வெள்ளமும் சரிவும் கொண்டுவந்து கொட்டிய மண்ணாக இருக்கலாம்.

பண்ணைப் பெயரின் வாலும் பேசும். 'ஹைம்' என முடிந்தால் பழைய பண்ணை, 'ருட்' என முடிந்தால் பிற்காலத்தில் காடழித்து எழுந்தது. உயரத்தில் 'சேட்டர்' என்றிருந்தால் கோடை மேய்ச்சல் குடில், ஊரென்று எண்ணிவிடாதீர்கள்.