பண்டாரவன்னியனைப் பிள்ளைகளுக்கு எழுதுவது எப்படி

வன்னியை ஆண்டு ஆங்கிலேயரை எதிர்த்த பண்டாரவன்னியனின் கதையை எழுதப் பேனையை எடுக்க முதல் கற்சிலைமடுவில், அதுதான் முல்லைத்தீவு மாவட்டத்து ஒட்டுசுட்டானுக்குப் பக்கத்தில், வெள்ளைக்காரர் நட்ட நினைவுக்கல்லின் வாசகத்தைத் தேடிப் படியுங்கள். இந்த இடத்தருகே கப்டன் வொன் டிரிபேர்க் 1803 ஒக்டோபர் 31 அன்று பண்டாரவன்னியனைத் தோற்கடித்தார், அவ்வளவுதான் அதில் இருக்கிறது. தோற்கடித்தார் என்றுதான் வெட்டியிருக்கிறார்கள், கொன்றார் என்று இல்லை. நாங்கள்தான் மேடையிலும் பேச்சுப்போட்டியிலும் அவரை அதே நாளில் சாகடித்துப் பழகிவிட்டோம். அன்றே இறந்தார் என்பவர்களும் உண்டு, பிறகும் சில வருடம் உயிரோடு இருந்தார் என்பவர்களும் உண்டு. இரண்டையும் எழுதிவிடுங்கள், ஒன்பது வயதுப் பிள்ளை அதற்கெல்லாம் குழம்பாது, குழம்புவது நாங்கள்தான்.

அப்புறம் காக்கை வன்னியன். பண்டாரவன்னியனை வெள்ளைக்காரருக்குக் காட்டிக்கொடுத்தவன் என்று ஊரே சொல்லும், பிள்ளைகளுக்கும் நல்ல விருப்பம். ஆனால் யாழ்ப்பாணத்தின் பழைய வரலாற்று நூலான யாழ்ப்பாண வைபவமாலையைத் திறந்தால் யாழ்ப்பாண அரசன் சங்கிலியைப் பறங்கியருக்கு, அதாவது போர்த்துக்கேயருக்கு, காட்டிக்கொடுத்தவனும் காக்கை வன்னியன்தான். யாழ்ப்பாணம் பறங்கியர் கையில் விழுந்தது 1619இல், கிட்டத்தட்ட 184 வருடம் முந்தி. ஒரே துரோகி இரண்டு தரம் எப்படி வந்தான்? கதையை விட்டுவிடச் சொல்லவில்லை, ‘என்று சொல்வார்கள்’ என்ற இரண்டு சொல்லைச் சேர்த்தால் சரி.

வருடத்தை வெறும் இலக்கமாக விடாதீர்கள். 1803 என்றால் பிள்ளைக்கு ஒன்றும் தெரியப்போவதில்லை. அப்போது இரணைமடுக் குளத்தின் கட்டு இல்லை, அந்த வேலை தொடங்கினதே 1902இல், கொழும்பிலிருந்து யாழ்ப்பாணத்துக்கு ரயில் ஓடினது 1905இல் என்று சொல்லிப் பாருங்கள், முகம் மாறும். தாங்கள் குளிக்கிற குளமே இல்லாத வன்னியை யோசிக்கத் தொடங்கிவிடுவார்கள்.

வசனம் பேச வைக்காதீர்கள். அவர் வாயால் என்ன சொன்னார் என்று எங்களுக்குத் தெரியாது, “அந்நியனே கேள்” என்று நாங்கள் எழுதினால் அது நாடகம். அதற்குப் பதிலாகச் செய்ததை எழுதுங்கள்: 1803 ஓகஸ்டில் முல்லைத்தீவுக் கோட்டையை அடித்து, பீரங்கிகளைக் கைப்பற்றினது.

எழுதி முடித்ததும் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளை இருத்தி உரத்து வாசியுங்கள், மூச்சு முட்டுகிற வசனத்தை அந்த இடத்திலேயே வெட்டலாம். நான் வாசித்தபோது பின்னாலிருந்த ஒரு பெடியன், “சேர், பீரங்கியை என்னத்தில ஏத்திக் கொண்டு போனவை?” என்று கேட்டான். மாட்டு வண்டியா, ஆனையா, தோளிலா? வீரம், தாயகம், மானம் என்று நாற்பது பக்கம் எழுதினவனுக்கு அது மட்டும் தெரியவில்லை. மாரி தொடங்கினால் எங்கள் பக்கத்துக் களிமண்ணில் சைக்கிளே புதையும். அவன் கேள்வியை அப்படியே பக்கத்தில் போட்டு, கீழே படம் கீற இடம் விட்டு அச்சுக்குக் கொடுத்தேன்.