சொல்வார்ப்பு: மனதில் இருப்பதைக் கல்லில் இறக்க முதல் பாடம்

செட்டிநாட்டு வீடுகளில் தரைக்குப் பதிக்கும் ஆத்தங்குடிக் கல் செய்வதைப் பக்கத்தில் நின்று பார்த்தவர்களுக்கு இந்தக் கைவேலை சீக்கிரம் பிடிபடும். அந்தக் கல்லைச் சூளையில் சுடுவதில்லை. கண்ணாடி மேல் சட்டம் வைத்து, வண்ணக் கலவையை ஊற்றி, மேலே மணலும் சிமெண்டும் இட்டு, பிறகு தண்ணீரில் ஊறப்போடுகிறார்கள். சொல்வார்ப்பும் அதே வழிதான். வண்ணம் ஊற்றும் இடத்தில் நாம் சொல்லின் பொருளை ஊற்றுகிறோம். அது எழுத்தாக இறுகி வரும்.

கண்ணாடித் துண்டு, இரும்புச் சட்டம், நீற்றிய சுண்ணாம்பு, சலித்த மணல், கடுக்காய், வெல்லம், முட்டை வெள்ளைக்கரு எடுத்துக்கொள்ளுங்கள். சிமெண்ட் வேண்டவே வேண்டாம். அது அவசரமாக இறுகிவிடும், பொருள் எழுத்தாகப் பிரிய நேரம் கிடைக்காது. செட்டிநாட்டுப் பழைய வீட்டுச் சுவர்களின் சுண்ணாம்புக் கலவையே இதற்கும் சரி. கிளறுவதற்கு மர அகப்பைதான் நல்லது. காரைக்குடியில் பழைய சாமான் கடைகளில் உடைந்த தேக்குத் துண்டு கிடைத்தால் வாங்கிச் செதுக்கிக்கொள்ளுங்கள். சுண்ணாம்பு கையை அரிக்கும், உறை போட்டுக்கொள்ளுங்கள்.

கடுக்காயைத் தட்டி, வெல்லத்தோடு தண்ணீரில் ஊறவைத்து வடிகட்டுங்கள். அந்த நீரில்தான் பொருளை இறக்க வேண்டும்.

பலரும் நின்றுவிடுவது இங்கேதான். எனக்கும் கடைசியாகக் கைவந்தது இந்தப் படிதான். பாத்திரத்தை மடியில் வைத்து, சொல்ல நினைப்பதை நினைக்க வேண்டும். ஆனால் அதன் பெயரை நினைக்கக் கூடாது. 'பொறுமை' என்று உதடு அசைந்தாலே போதும், பொருள் ஒலியாகப் போய்விடும். நீரில் ஒன்றும் தங்காது. அப்படி வார்த்த கல் வழவழவென்று வெறுமையாகத்தான் வரும்.

பெயர் வராமல் எப்படி நினைப்பது? யாருடைய பொறுமை என்று பிடித்துக்கொள்ளுங்கள். நான் எங்கள் ஆச்சி கொட்டான் முடைவதை நினைத்துக்கொள்வேன். ஓலையை ஒரே அகலத்தில் கிழிப்பார்கள், நனைப்பார்கள், ஒரு பின்னல் பிசகினால் முழுக்கப் பிரித்து மறுபடி தொடங்குவார்கள். அந்த விரல்களை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தால் நீர் மெல்லக் கனக்கும். மடி அதை உணரும். அதற்கு மேல் நினைக்க வேண்டாம், நிறுத்திவிடுங்கள்.

அப்புறம் எல்லாம் எளிது. கனத்த நீரில் சுண்ணாம்பும் வெள்ளைக்கருவும் சேர்த்துக் குழைத்து, கண்ணாடி மேல் மெல்லிய படலமாக ஊற்றுங்கள். அதன் மேல் மணல் சேர்த்த சுண்ணாம்பை இட்டு அழுத்துங்கள். இறுகியதும் தண்ணீரில் போடுங்கள். கண்ணாடி தானாக விடும்வரை நெம்பக் கூடாது. கல்லின் முகம் கண்ணாடிப் பக்கம் இருப்பதால் எழுத்தைப் பார்க்கும் ஆசை எல்லோருக்கும் வரும். நெம்பினால் முதலில் உதிர்வது புள்ளிகள்தான். புள்ளி போன சொல்லை யாராலும் திருத்த முடியாது.

கல்லைக் காயவைத்து, தேங்காய் எண்ணெய் தொட்டுத் துடையுங்கள். எழுதப் படிக்கத் தெரியாத குழந்தையின் உள்ளங்கையில் வைத்துப் பாருங்கள். அதற்குப் புரிந்தால் கல் சரியாக வந்திருக்கிறது. கனமான கல்தான் உயர்ந்தது என்று சிலர் சொல்வதை நான் ஏற்கவில்லை. பிரியத்தை வார்த்த கல் பெரும்பாலும் லேசாகத்தான் இருக்கும், அதைக் குறையாக நினைக்காதீர்கள்.

பிற்சேர்க்கை: செய்து பார்த்த ஒருவர், இரண்டு சொற்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி வந்ததாக எழுதியிருந்தார். அவர் வார்த்தது தன் அப்பத்தாவுக்கு நன்றி. உள்ளே, கடைசிக் காலத்தில் போய்ப் பார்க்கவில்லையே என்ற வருத்தமும் இருந்திருக்கிறது. இரண்டையும் பிரிக்கப் பார்க்காதீர்கள். வருத்தத்தை முதலில் தனியாக வார்த்துவிட்டு, புது நீரில் நன்றியைத் தொடங்குங்கள்.

ஐப்பசி, கார்த்திகையில் சுண்ணாம்பு காயவே மாட்டேன் என்கிறது என்று இன்னும் சிலர் கேட்டார்கள். அடைமழையில் வார்க்க வேண்டாம். கடுக்காயை வாங்கி உலர்ந்த டப்பாவில் போட்டு வையுங்கள், தை மாதம் முற்றத்தில் வெயில் விழத் தொடங்கியதும் ஊறப்போடலாம்.